இருக்கச் சொன்ன இடம்

அந்த அக்கா எங்கள் வீட்டுக்கு எத்தனையோ தடவை வந்திருக்கிறார். ஒருமுறைகூடக் கதிரையில் இருந்ததில்லை.

இத்தாலியில், பலெர்மோ நகரில், கபோச் சந்தைக்குப் பின்னால் ஓர் ஒடுங்கிய சந்தில் எங்கள் வீடு. மீன்காரர்கள் கூவுவது யன்னல்வழியாக நேரே சட்டிக்குள் வந்து விழும். ஞாயிறு பின்னேரங்களில் அக்கா வருவார். வாசலில் சப்பாத்தைக் கழற்றிவிட்டுக் காலுறையோடு உள்ளே வருவார். நான் கதிரையை இழுத்துப் போட்டு, "இருங்கோ அக்கா" என்பேன். "பரவாயில்லை" என்பார். தேநீர் கொடுத்தால் குசினிக் கதவு நிலையில் சாய்ந்து நின்றபடி ஊதி ஊதிக் குடிப்பார். கோப்பையைத் தானே கழுவிக் கவிழ்த்து வைப்பார். பிறகு "சரி, போறன்" என்பார். மன்னாரில் எங்கள் ஊரில் யாரும் அப்படிச் சொல்லிக்கொண்டு வெளிக்கிடுவதில்லை. போட்டு வாறன் என்றுதான் சொல்வோம். அக்காவின் வாயில் அந்தச் சொல் வந்து நான் கேட்டதில்லை.

எங்கள் பக்கத்தில் ஒருவர் வீடு தேடி வந்துவிட்டு இருக்காமல் போனால் அதற்கு ஓர் அர்த்தம் உண்டு. வாய்விட்டு யாரும் சொல்லமாட்டார்கள். வீட்டுக்காரருக்குத் தெரியும். பலெர்மோவுக்கு வந்து எல்லாரும் ஒரேமாதிரி அடுத்தவன் வீட்டுக் கக்கூஸ் கழுவத் தொடங்கிய பிறகும் அந்த அர்த்தம் எங்களோடுகூடவே வந்திருந்தது. எங்களுடையது கடலுக்குப் போகிற குடும்பம். முதல் தடவை அக்கா நின்றபடியே குடித்துவிட்டுப் போனபோது அந்தக் கதிரையைப் பார்த்துக்கொண்டு அழுதேன். அப்படிச் சாதி பார்க்கிற ஆட்கள் எங்கள் கோப்பையில் குடிக்கவும் மாட்டார்கள், அதைக் கழுவி வைக்கவும் மாட்டார்கள் என்பது பிறகுதான் உறைத்தது. வேலையால் வந்த என் கணவரிடம் சொன்னேன். அவர் குனிந்து சப்பாத்தின் நூலை அவிழ்த்துக்கொண்டிருந்தார்.

அந்த முதல் நாளில் இன்னொன்றும் நடந்தது. நான் இத்தாலிக்கு வந்திறங்கிய மாதமே பங்குக் கோயிலில் எங்களுக்குக் கல்யாணம் நடந்தது. அந்தப் படத்தைச் சட்டம் போட்டுச் சுவரில் மாட்டியிருந்தேன். தேநீர் ஆறும்வரை அக்கா அதற்கு முன்னால் நின்றார். இவர்தான் உம்மட மனிசனோ என்று கேட்டார். ஓம் என்றேன். எங்கை வேலை என்றார். மொண்டெல்லோக் கடற்கரையில் ஓர் உணவகத்துக் குசினியில் என்றேன். அதற்குமேல் ஒன்றும் கேட்கவில்லை.

எங்கள் வீட்டில் மட்டும் அல்ல, அக்கா எங்குமே இருப்பதில்லை என்று போகப்போகத் தெரிந்தது. பஸ்ஸில் இருக்கை காலியாகக் கிடக்கும், அவர் கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்பார். கோயிலில் கடைசித் தூணோடு நிற்பார். செத்த வீட்டில் எல்லாரும் நிலத்தில் சுற்றியிருந்து அழுதபோது அவர் நின்று அழுதார். இளம் பெடியள் 'நிக்கிற அக்கா' என்று பெயர் வைத்திருந்தார்கள்.

பெர்மெசோ என்கிற வதிவிட அனுமதியைப் புதுப்பிக்க விடியற்காலையிலேயே குவெஸ்தூரா என்கிற பொலிஸ் கந்தோர் வாசலில் வரிசை பிடிக்கவேண்டும். அந்தத் தாள் கையில் இல்லாவிட்டால் இந்த நாட்டில் நாங்கள் யாரும் இல்லை. நான் பிள்ளைத்தாச்சியாக இருந்த கோடையில் ஆபிரிக்காவிலிருந்து வருகிற சுடுகாற்று வீசிக்கொண்டிருந்தது. கல்லெல்லாம் கொதித்தது. அக்கா என்னை நிழலில் இருத்திவிட்டு என் இடத்திலும் தன் இடத்திலும் மத்தியானம் திரும்பும்வரை நின்றார். அந்த வெயிலிலும் தடித்த கம்பளிக் காலுறை போட்டிருந்தார். உள்ளேயிருந்த உத்தியோகத்தர் கதிரையைக் காட்டியபோது, தான் நின்றபடியே கைநாட்டு வைப்பதாகக் கையால் சைகை செய்தார். அந்த மனிதர் சிரித்துவிட்டார்.

நாங்கள் இருவரும் ஒரே வீட்டில் வேலை செய்தோம். ஒரேத்தோ ஆற்றுப் பக்கம் ஒரு பெரிய கட்டடத்தின் நாலாம் மாடியில், சின்யோரா என்று நாங்கள் கூப்பிடுகிற ஒரு வயதான இத்தாலிய அம்மா. சமையலும் துப்புரவும் எனக்கு, அவரைக் குளிப்பாட்டி உடுத்தி நடக்கவைப்பது அக்காவுக்கு. மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் சின்யோரா கைத்தடியால் கதிரையைத் தட்டி "சியேதித்தி, சியேதித்தி" என்று இருக்கச் சொல்லுவார். அக்கா சாப்பாட்டுக் கோப்பையைக் கையில் ஏந்தி யன்னலோடு நின்று சாப்பிடுவார். இவளைப் போல உழைப்பாளியைத் தான் கண்டதேயில்லை என்று சின்யோரா தன் பிள்ளைகளுக்குத் தொலைபேசியில் சொல்லுவது எங்களுக்குக் கேட்கும்.

அக்காவின் வாய் பொல்லாதது. அதையும் சொல்லவேண்டும். கபோவில் ஒரு மீன்காரன் பழைய மீனைத் தலைகீழாகத் திருப்பி வைத்து விற்கிறான் என்று அவனைச் சுத்த மன்னார்த் தமிழில் ஏசுவார். அவன் சிசிலியப் பேச்சில் திருப்பி ஏசுவான். ஒருவர் சொல்வது மற்றவருக்கு அச்சொட்டாக விளங்கும். கடைசியில் அவன் உள்ளே போய் நல்ல மீன் எடுத்துக்கொண்டு வருவான். அவருடைய ஏச்சில் ஒரு தாளம் இருக்கும், மூச்சு விடாமல் போகும். இவ்வளவு ஏச்சு எங்கே பழகினீர்கள் என்று ஒருநாள் பகிடியாகக் கேட்டேன். "காட்டிலை" என்றார்.

காடு என்றால் என்ன என்று எனக்குத் தெரியும். அக்கா பலெர்மோவுக்கு வருவதற்கு முன்பே அவருடைய கதை வந்து சேர்ந்திருந்தது. ஜெர்மனியில் இருந்த ஒருவருக்குக் கல்யாணம் பேசி, கூறைச் சேலையும் பையுமாக களவாக எல்லை கடத்துகிற ஏஜென்சி மூலம் வெளிக்கிட்டவர். மொஸ்கோவுக்கு இங்கால் ஏதோ ஓர் எல்லைக் காட்டில், மாரிக் குளிரின் நடுவில், கூட வந்தவர்களிடமிருந்து தவறிப்போனார். பனியில் நாட்கணக்கில் தனியே கிடந்தார். யாரோ கண்டு எடுத்தார்கள். ஆஸ்பத்திரியில் கிடந்து எழும்பி, ஜெர்மனிக்குத் தகவல் அனுப்பியபோது மாப்பிள்ளை வீட்டார் சுகம் விசாரிக்கவில்லை. எடுத்தது ஆணா பெண்ணா, எங்கே வைத்திருந்தார்கள், எத்தனை நாள் என்று கேட்டார்கள். கல்யாணம் அதோடு நின்றது. பிறகு வேறு வழியாக, வேறு ஆட்களோடு, ஒன்றுவிட்ட அண்ணன் ஒருவரை நம்பி இங்கே வந்து சேர்ந்தார்.

பூசை முடிந்து கோயில் வாசலில் பெண்கள் கூடி நிற்கும்போது இந்தக் கதை உலவும். "அவ்வளவு நாள் ஒரு பொம்பிளை பனியிலை தனிய உயிரோடை இருக்கேலுமே?" என்று ஒருத்தி கேட்பாள். கேள்விக்குள் என்ன இருக்கிறது என்று எல்லாருக்கும் தெரியும். உள்ளே தூணோடு அக்கா நின்றுகொண்டிருப்பார்.

எப்படி உயிரோடு இருந்தார் என்று அக்காவே எனக்குச் சொன்னார். ஒரு வசந்தகாலத்தில் சின்யோரா வீட்டு மொட்டைமாடியில் கம்பளங்கள் கழுவினோம். தண்ணீர் பாய்ந்து அவருடைய காலுறைகள் ஊறிவிட்டன. வேறு வழியில்லாமல் கழற்றினார். இடது காலில் பெருவிரல் மட்டும் இருந்தது. மற்ற விரல்கள் இருந்த இடம் வழவழவென்று, சவர்க்காரக் கட்டி மாதிரி இருந்தது. நான் கண்ணை எடுக்க மறந்துவிட்டேன். அவர் காலுறையைப் பிழிந்து கொடியில் போட்டுவிட்டு, கம்பளத்தைத் தேய்த்துக்கொண்டே சொல்லத் தொடங்கினார்.

பொழுதுபடுகிற நேரம் நடந்துகொண்டிருந்திருக்கிறார்கள். உறைந்த ஓடை ஒன்றைக் கடக்கும்போது பனிக்கட்டி உடைந்து அவருடைய இடதுகால் தண்ணீருக்குள் போய்விட்டது. கணுக்காலும் பிரண்டுவிட்டது. நொண்டி நொண்டிப் பின்னால் போனார். ஏஜென்சியின் ஆள் கத்தினான். அவரை ஒரு பெரிய மரத்தின் கீழே இருத்தினார்கள். "இருங்கோ அக்கா, வாறம் எண்டு ஒருத்தர் சொன்னார்" என்றார். யார் என்று சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

இருக்கச் சொன்ன இடத்தில் இருந்தார். இடம் மாறினால் தேடி வருகிறவர்கள் தவறவிட்டுவிடுவார்கள் என்று அசையாமல் இருந்தார். இருட்டியது. அவர்கள் போன கால்தடங்கள் மேலே பனி விழுந்து மூடியது. விறைப்பு முழங்காலுக்கு ஏறி, பிறகு நின்றுவிட்டது. குளிரே இல்லை. மன்னார் வெயில் மாதிரிச் சுகமாகச் சுட்டதாம். வேர்க்கிறது என்று நினைத்து மேற்சட்டையின் பொத்தான்களைக் கழற்றத் தொடங்கிவிட்டார். அப்போது கொப்பிலிருந்து ஒரு பனிக்கட்டி கழன்று பிடரியில் விழுந்தது. திடுக்கிட்டுப் பார்த்தால் தன் கை தன் சட்டையைத் திறந்துகொண்டிருக்கிறது.

"அப்பதான் விளங்கினது தங்கச்சி. ஒருத்தரும் வரமாட்டினம். இருந்தா என்ட கதை முடிஞ்சுது."

எழும்பினார். அதற்குப் பிறகு அந்தக் காட்டில் அவர் ஓரிடத்திலும் குந்தி இருக்கவேயில்லை. களைத்தால் ஒரு மரத்தைக் கட்டிப்பிடித்தபடி கண்ணயர்வார். முழங்கால் மடங்கினால் விழிப்பு வந்துவிடும். மாப்பிள்ளைக்கென்று தாய் கட்டிக் கொடுத்திருந்த பனங்கட்டியை விரல்நுனி அளவு உடைத்து வாயில் வைத்துக்கொள்வார். முதலில் பனியை அள்ளித் தின்றதில் உதடும் நாக்கும் வெந்துவிட்டன. பிறகு போத்தலில் பனியை அடைத்து நெஞ்சுக்குள் வைத்து உருகப் பண்ணினார். கூறைச் சேலையைப் பல்லால் கிழித்துக் காலில் சுற்றினார். மிச்சத்தைத் தலையிலும் வயிற்றிலும் சுற்றினார். சரிகை குத்தியதாம். கல்யாணத்துக்குக் கட்டாவிட்டாலும் ஒருக்கால் கட்டினேன் என்று சிரித்தார். பையில் ஒரு சரை மிளகாய்த்தூளும் இருந்தது. நித்திரை அமத்தும்போது அதைத் தொட்டு நாக்கில் வைப்பார்.

செபம் சொல்லிக்கொண்டு போயிருப்பீர்கள் என்றேன். அக்கா தூரிகையை வைத்துவிட்டு நிமிர்ந்தார்.

"முதல்ல செபமாலைதான் சொன்னன். சொல்லச் சொல்ல நித்திரை வந்துது. பிறகு ஏசத் தொடங்கினன். ஏசினா நித்திரை வராது. தெரிஞ்ச ஆக்கள் ஒருத்தரையும் விடேல்லை."

ஒரு காலையில் மரங்களுக்கிடையில் ஒரு பெரிய மிருகம் நின்றிருக்கிறது. மாட்டை விட உயரம், கைவிரித்த மாதிரிக் கொம்பு. அக்காவுக்கு அது மாடு. மாடு நின்றால் கிட்ட வீடு இருக்கும் என்று அதன் காலடித் தடத்தைப் பிடித்துக்கொண்டே போய், வழியும் திசையும் கெட்டு, பழைய இடத்துக்குப் பக்கத்திலேயே வந்து சேர்ந்தார். அன்றைக்குத்தான் சத்தம் போட்டு அழுதாராம். அடுத்த நாள் காட்டை வெட்டிக்கொண்டு நேரே போகிற மின்கம்பிகளைக் கண்டார். கம்பி எப்படியும் ஆட்களிடம்தான் போகும் என்று அதற்குக் கீழே நடந்தார். எத்தனை நாள் நடந்தார் என்று அவருக்கே தெரியாது. விறகு வண்டியைப் பனியில் இழுத்துக்கொண்டு வந்த ஒரு கிழவி அவரைக் கண்டு பேயென்று பயந்து சிலுவை போட்டாள். அக்காவும் சிலுவை போட்டார். "அவ மறுவளமாப் போட்டா" என்றார். "அந்த ஊரிலை அப்பிடித்தானாக்கும்."

அவரை எடுத்தது ஒரு கிழவி. அந்த விடயத்தைக் கோயில் வாசலில் கேட்டுக்கொண்டிருந்தவர்களுக்குச் சொல்லச்சொல்லி நான் அக்காவிடம் கெஞ்சினேன். அவர் மாட்டேன் என்றுவிட்டார். ஒரு கிழவி என்று சொன்னால் விட்டுவிடுவார்கள், ஒரு கிழவன் எடுத்திருந்தால் என்ன செய்திருப்பார்கள் என்று கேட்டார்.

என் கணவரைப் பற்றியும் இங்கே சொல்லவேண்டும். மெல்லமாகப் பேசுகிற மனிதர். பிள்ளையை அதட்டமாட்டார். அக்கா வந்த வருடத்திலிருந்து ஞாயிறு காலை பூசைக்கு வருவதை விட்டுவிட்டார். உணவகத்தில் ஞாயிறுதான் கூட்டம் என்றார். அக்கா வரக்கூடிய பின்னேரங்களிலும் அவர் வீட்டில் இருக்கமாட்டார். நானும் உழைக்கிற மனிதர்தானே என்று இருந்துவிட்டேன். அவரும் மொஸ்கோ வழியாக, ஒரு மாரியில், காடு கடந்துதான் வந்தவர். அந்தப் பயணத்தைப் பற்றிக் கேட்டால் குளிர் என்று ஒரு சொல் சொல்வார். எத்தனையோ பேர் அந்த வழியால் வந்தார்கள். நான் இரண்டையும் முடிச்சுப் போட்டுப் பார்க்கவில்லை.

என் மகளுக்கு நாலு வயதான மாரியில், பிள்ளைகள் பனி பார்த்ததில்லை என்று பங்குச் சுவாமி மடோனியே மலைக்கு ஒரு பஸ் ஒழுங்கு செய்தார். பலெர்மோவில் பனி விழாது, அந்த மலையில் விழும். அக்கா வரமாட்டார் என்று எல்லாரும் நினைத்தோம். வந்தார். பிள்ளைகள் போகும்போது பார்க்க ஒரு ஆள் வேண்டாமா என்றார். உணவகம் பூட்டியிருந்த நாட்கள் அவை. அப்பா வந்தால்தான் வருவேன் என்று மகள் அடம்பிடித்ததால் என் கணவரும் ஏறினார். சாரதிக்குப் பின் இருக்கையில் யன்னலுக்கு முகத்தைக் கொடுத்துக்கொண்டு இருந்தார். வளைந்து வளைந்து ஏறிய பாதை முழுக்க அக்கா பின்னால் கம்பியைப் பிடித்தபடி நின்றார்.

மேலே வெள்ளை வெளேர் என்று கிடந்தது. பிள்ளைகள் விழுந்து புரண்டார்கள். நாங்கள் பெண்கள் பஸ்ஸோடு நின்று மீன் ரோல்ஸும் தேநீரும் கொடுத்துக்கொண்டிருந்தோம். சற்று நேரத்தில் என் கணவர் மட்டும் வந்து, மகளின் சப்பாத்துக்குள் பனி போய்விட்டது, மாற்றுச் சப்பாத்து எங்கே என்று கேட்டார். நான் பைக்குள் தேடிக்கொண்டிருந்தேன். சரிவுக்கு அந்தப் பக்கம், மரத்தடியில் ஒரு கல்லில் மகளை இருத்திவிட்டு வந்திருக்கிறார். பஸ் நின்ற இடத்திலிருந்து கூப்பிடு தூரம்தான். யாரும் அதைப் பெரிதாக எடுக்கமாட்டார்கள்.

அக்கா மகளைத் தூக்கிக்கொண்டு சரிவில் ஏறி வந்தார். நொண்டுகிற காலோடு அப்படி ஒரு வேகத்தை நான் பார்த்ததில்லை. மகளை என் கையில் தந்தார். பிறகு என் கணவருக்கு நேரே போய் நின்றார். குரலை உயர்த்தவில்லை.

"இருங்கோ, வாறன் எண்டு சொல்லி இருத்திப்போட்டுப் போற பழக்கம் உங்களுக்கு இன்னும் போகேல்லையோ?"

சுற்றி நின்றவர்களுக்கு ஒன்றும் விளங்கவில்லை. நிக்கிற அக்காவுக்குப் பனியைக் கண்டு பழைய ஞாபகம் வந்துவிட்டது என்று யாரோ சொன்னார்கள். எனக்கு என் கணவரின் முகம் விளங்கியது. கையில் பிள்ளையின் சப்பாத்தை வைத்துக்கொண்டு, வாய் கோணி, அப்படியே நின்றார்.

அடுத்த நாள் காலை மகளைப் பாலர் பள்ளியில் விட்டு வந்த பிறகு, நான் கேட்காமலே சொன்னார். கால் பிரண்ட அக்காவின் பையைத் தூக்கிக்கொண்டு நடந்தவர் அவர்தான். அதனால் அவளை இருத்திவிட்டு வா என்று ஏஜென்சியின் ஆள் அவரைத்தான் அனுப்பினான். பையை மடியில் வைத்துவிட்டு எழும்பியபோது அக்கா அவருடைய சட்டைக் கையைப் பிடித்துக்கொண்டார். தம்பி, விட்டிட்டுப் போகமாட்டீங்கள்தானே என்று கேட்டார். சீ, என்ன அக்கா என்று சொல்லிக் கையை எடுத்துவிட்டார். அந்த நேரம் திரும்பி வருவோம் என்றுதான் நினைத்தாராம். லொறி நின்ற இடத்துக்குப் போனதும், திரும்பிப் போகிறவன் அங்கேயே நிற்கலாம் என்று அந்த ஆள் சொன்னான். ஒருவரும் வாய் திறக்கவில்லை. லொறி ஓடத் தொடங்கிய பிறகு ஒரு வயதானவர் மட்டும், அந்தப் பிள்ளை எங்கே என்று கேட்டார்.

"பின்னாலை மற்ற வாகனத்திலை வருவா எண்டு சொன்னனான்" என்றார் என் கணவர். "மற்ற வாகனம் எண்டு ஒண்டு இல்லை." பிறகு, "போர்வை தந்தவங்கள். நான் நல்லா நித்திரை கொண்டன்" என்றார்.

அழுதார். நான் அவரைத் தொடவில்லை, விலகியும் போகவில்லை. அந்த லொறி திரும்பியிருந்தால் அவர் வந்து சேர்ந்திருப்பாரா, என்னை இத்தாலிக்கு எடுப்பித்திருப்பாரா, இந்தப் பிள்ளை பிறந்திருக்குமா என்றெல்லாம் என் மனம் கணக்குப் போட்டது. அதை நினைத்தால்தான் எனக்கு இன்றைக்கும் கூசுகிறது. என் வீடு, என் அடுப்பு, என் பிள்ளை எல்லாம் அந்த லொறியில் ஏறித்தான் வந்திருந்தன.

மறுநாள் வேலைக்குப் போகக் கால் வரவில்லை. போனேன். அக்கா சின்யோராவின் படுக்கை விரிப்புகளுக்கு அயர்ன் போட்டுக்கொண்டிருந்தார். நான் வாசலிலேயே நின்றேன். எப்போது தெரியும் என்று கேட்டேன்.

"முதல் நாளே. சுவரிலை படம் கண்டனான்."

"தெரிஞ்சும் ஏன் அக்கா எங்கட வீட்டை வந்தனீங்கள்?"

அவர் விரிப்பை மடித்து ஓரம் பார்த்தார். "அவர் எப்பிடி இருக்கிறார் எண்டு பாக்கத்தான் முதல்ல வந்தனான். பிறகு உம்மைப் பாக்க வந்தனான்." அடுத்த விரிப்பை எடுத்து விரித்தார். "காட்டிலை ஆரைக் கனக்க ஏசினனான் தெரியுமே? உம்மட மனிசனைத்தான். மற்ற ஆக்களுக்கு முகம் தெரியேல்லை. அவர்ட முகம்தான் வடிவாத் தெரிஞ்சுது. அந்த ஏச்சு இல்லாட்டி நான் நித்திரை கொண்டிருப்பன்."

என் கணவர் வந்து மன்னிப்புக் கேட்க விரும்புகிறார் என்று சொன்னேன். காலில் விழவும் ஆயத்தம் என்றேன். அக்கா அயர்னை நிமிர்த்தி வைத்தார். முதல் தடவையாக அவர் முகத்தில் பயத்தைப் பார்த்தேன்.

"வேண்டாம் தங்கச்சி. கேக்கவேண்டாம் எண்டு சொல்லும். கேட்டா நான் குடுக்கவேணும். வேதம் அப்பிடித்தான் சொல்லுது. எனக்கு இன்னும் ஏலாது."

நான் அந்த வார்த்தையைக் கொண்டுபோய் என் கணவரிடம் கொடுத்தேன். அவர் தலையை ஆட்டினார்.

வீட்டுச் சுவரில் இருந்த கல்யாணப் படத்தைக் கழற்றி உடுப்புப் பெட்டிக்கு அடியில் வைத்தேன். அக்கா இனி வரமாட்டார் என்று நினைத்தேன். இரண்டு கிழமை கழித்து ஞாயிறு பின்னேரம் வந்தார். கதவு நிலையில் சாய்ந்து தேநீர் குடித்தார். வெறுஞ்சுவரில் ஆணி மட்டும் நிற்பதைப் பார்த்து, ஏன் கழற்றினீர், திருப்பி மாட்டும், சுவர் வடிவில்லாமல் கிடக்கிறது என்றார். நான் மாட்டவில்லை.

அதற்குப் பிறகு என் கணவர் ஞாயிறு பூசைக்கு வரத் தொடங்கினார். உணவகத்தில் கேட்டு அந்த ஒரு காலையை எடுத்துக்கொண்டார். நானும் மகளும் அவரும் முன்வரிசைகளில் ஒன்றில் இருப்போம். பின்னால் தூணோடு அக்கா நிற்பார். பூசையில் ஒருவருக்கொருவர் சமாதானம் சொல்லிக் கைகொடுக்கிற நேரம் ஒன்று உண்டு. எங்கள் ஆட்கள் வரிசை விட்டு வரிசை போய்க் கைகொடுப்பார்கள். அந்த நேரம் நெருங்கும்போது என் கணவர் எழும்பிப் பக்கக் கதவால் வெளியே போய்விடுவார். அக்காவுக்குக் கை நீட்டவேண்டி வந்தால் அக்கா வாங்கவேண்டி வரும். அது நேரக்கூடாது என்று போனார். கைகொடுத்து முடிந்து பாட்டுத் தொடங்கிய பிறகுதான் திரும்பி வருவார். சிகரெட் குடிக்கப் போகிறான், நடுப்பூசையிலும் பொறுக்கமுடியவில்லை என்று ஆட்கள் முணுமுணுத்தார்கள். அவர் சிகரெட் குடிப்பதில்லை. ஞாயிறுக்கு ஞாயிறு அப்படிப் போனார். நானும் மகளும் பின்னால் போய் அக்காவுக்குக் கைகொடுப்போம். அவர் மகளின் கையை இரண்டு கைகளாலும் பொத்திப் பிடிப்பார். என் கையையும் பிடிப்பார். நான் நிமிர்ந்து பார்க்கமாட்டேன்.

தொண்ணூறுகள் முடிகிற காலத்தில் சின்யோரா காலமானார். எங்கள் ஆட்கள் பலர் அப்போது வடக்கே தொழிற்சாலை வேலைகளுக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். அக்காவும் ஓர் ஆடை கழுவும் தொழிற்சாலையில் வேலை கிடைத்துப் போக முடிவெடுத்தார். அங்கே மாரியில் பனி கொட்டுமே என்று பெண்கள் கேட்டார்கள். பலெர்மோவின் பனிக்கா இங்கே இவ்வளவு காலம் பயந்தேன் என்று திருப்பிக் கேட்டாராம். நான் றெயில் நிலையத்துக்குப் போனேன். சொல்லவென்று எத்தனையோ யோசித்துக்கொண்டு போனேன். கேட்டால் கொடுக்கவேண்டி வரும் என்று அவர் சொன்னது எனக்கும் பொருந்தும் அல்லவா? ஒன்றும் கேட்கவில்லை. வழியில் சாப்பிடப் புட்டும் பொரியலும் கட்டிக் கொடுத்தேன். உப்புப் போதுமோ என்று நான் கேட்க, அக்கா ஒரு வாய் எடுத்துப் பார்த்து, போதும் என்றார். பிறகு வண்டி போய்விட்டது. கொஞ்சக் காலம் தொலைபேசியில் கதைத்தோம். பிறகு இலக்கம் மாறிவிட்டது.

அவர் போன அடுத்த ஞாயிறு பூசையில் சமாதானம் சொல்லும் நேரம் வந்தது. பின்னால் தூணடியில் ஒருவரும் இல்லை. என் கணவர் வெளியே போகவில்லை. முன்னால் இருந்தவர்களுக்குக் கைகொடுத்தார், பக்கத்து வரிசைக்காரருக்குக் கொடுத்தார், மகளுக்குக் கொடுத்தார். கடைசியாக என் பக்கம் திரும்பிக் கையை நீட்டினார். எல்லாரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பிடித்தேன். கை நல்ல சூடாக இருந்தது.